விருப்பமில்லை என்று ஒரு கையெழுத்து

கீரனூர் உதயசூரியன் கண்டக்டராகப் போகிற வண்டியில் சண்டை முற்றியதாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை. காலையில் திருச்சி போகும் பேருந்தில் ஆள்மேல் ஆள் நிற்பார்கள். கால் மிதிபடும், சாப்பாட்டுப் பை இடிக்கும், ஜன்னலோர இடத்துக்காகக் குரல் உயரும். அந்த நேரம் பார்த்து அவர் நடுவில் வந்து நிற்பார். "அண்ணே, நீங்க கொஞ்சம் இங்கிட்டு நகருங்க. தம்பி, நீ அங்கிட்டுக் கம்பியப் பிடிச்சுக்க. மாத்தூர் வந்தா பாதிப் பேரு எறங்கிருவாங்க, பெறகு காலை நீட்டிப் படுத்துக்கிட்டே போகலாம்" என்பார். யாராவது சிரித்துவிடுவார்கள். அதோடு அடங்கிவிடும். விட்டுக்கொடுத்துப் போனால் காரியம் முடியும் என்பது அவருடைய நம்பிக்கை. அதில் அவருக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு. டிப்போவிலும் அப்படித்தான், மேலதிகாரி முகம் சுளிக்கும்படி அவர் ஒருநாளும் நடந்துகொண்டதில்லை.

அவருக்கும் பரிமளாவுக்கும் ஒரே மகள் சுடர்விழி. அவள் அப்பாவைப் போல இல்லை. எதையும் ஏன் என்று கேட்டுவிட்டுத்தான் நகருவாள். அவள் எட்டாம் வகுப்புப் படிக்கும்போது வீட்டில் தண்ணீருக்குப் போர் போட்டார்கள். லாரிக்காரர்கள் குழாய் இறக்க இறக்க, முதலில் செம்மண் வந்தது, பிறகு சரளை, பிறகு சாம்பல் நிறத்தில் பாறைத் தூள். தண்ணீர் வரவில்லை. பரிமளா தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டாள். சுடர்விழியோ ஒவ்வொரு ஆழத்திலும் வெளியே வந்த மண்ணைத் தனித்தனிப் பாலித்தீன் பைகளில் அள்ளிக்கொண்டிருந்தாள். அடுத்த மாதம் பக்கத்து வீட்டில் போட்ட போரில் தண்ணீர் பீறிட்டு அடித்தது. இரண்டு குழிகளுக்கும் நடுவில் ஒரு சுவர்தான். "அவுங்களுக்கு இருக்கு, நமக்கு ஏன் இல்ல?" என்று அவள் வீட்டில் கேட்டாள், தெருவில் கேட்டாள், கடைசியில் பள்ளிக்கூடத்தில் கேட்டாள். "அதுக்குன்னு ஒரு படிப்பு இருக்கு, ஜியாலஜின்னு பேரு" என்றார் அறிவியல் டீச்சர். அன்றிலிருந்து அவள் வாயில் அந்தப் பெயர்தான்.

பிளஸ் டூவில் நல்ல மதிப்பெண் வாங்கினாள். தெற்கே ஒரு பல்கலைக்கழகத்தில் ஜியாலஜியில் ஐந்தாண்டுப் படிப்பு இருந்தது. விண்ணப்பித்தாள். ரேங்க் பட்டியலில் பெயர் வந்தது, முதல் சுற்றிலேயே இடமும் ஒதுக்கினார்கள். சான்றிதழ்களைக் காட்டிச் சேர வேண்டியதுதான் பாக்கி. உதயசூரியன் லீவு போட்டுவிட்டு, தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு மகளோடு கிளம்பினார்.

பல்கலைக்கழக மண்டபத்தில் வரிசையாக மேசைகள். இவர்கள் போய் நின்ற மேசையில் இருந்த அதிகாரி நல்ல மனிதராகத் தெரிந்தார். "வாங்க சார், உக்காருங்க" என்று நாற்காலியைக் காட்டினார். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து உதயசூரியனை ஊரே 'கண்டக்டர்' என்றுதான் கூப்பிடுகிறது. ஒரு அதிகாரி வாயிலிருந்து 'சார்' என்று வந்ததும் அவருக்கு உடம்பெல்லாம் கூசியது; சந்தோஷமாகவும் இருந்தது.

அதிகாரி சான்றிதழ்களைப் புரட்டினார். ஓரிடத்தில் விரல் நின்றது.

"பொண்ணு மார்க்கெல்லாம் பிரமாதம் சார். ஆனா பாருங்க, மார்க் ஷீட்ல ஒங்க பேரு இங்கிலீஷ்ல ஒரு மாதிரி இருக்கு, சாதிச் சான்றிதழ்ல வேற மாதிரி இருக்கு. இங்க 'யு' ஒண்ணு, அங்க 'ஓ' ரெண்டு. ரெண்டும் ஒரே ஆளுதான்னு நான் எப்படி எடுத்துக்கிறது?"

"ரெண்டும் நான்தாங்க சார்" என்றார் உதயசூரியன்.

"எனக்குத் தெரியுது சார். பேப்பர்ல தெரியணும்ல?"

பக்கத்து நாற்காலியில் ஓர் அம்மா மகனோடு உட்கார்ந்திருந்தார். கட்டுமாவடியிலிருந்து வந்தவர். பெயர் சம்சுன் நிஹார். மகன் வாஜித்துக்குக் கடல் உயிரியல் படிப்பில் இடம் கிடைத்திருந்தது. அவர்களுக்கும் இதே சிக்கல்தான். சவுதியில் வேலை பார்க்கும் கணவர் முகம்மது சுல்தானின் பெயர் ஆங்கிலத்தில் ஒரு தாளில் நடுவில் ஒரு 'எம்', இன்னொரு தாளில் இரண்டு 'எம்' என்று இருந்தது. அந்த அம்மா அதிகாரியிடம் ஏற்கெனவே வாதாடி முடித்து, நகராமல் உட்கார்ந்திருந்தார்.

அதிகாரி ஒரு தாளை எடுத்து உதயசூரியன் பக்கம் நகர்த்தினார். "நீங்க ஒண்ணும் கவலப்படாதீங்க. ஊருக்குப் போய் இந்தப் பேர சரிபண்ணிட்டு வாங்க. அடுத்த ரவுண்டுல நானே போன் பண்ணிக் கூப்பிடுறேன். இன்னைக்கு லிஸ்ட்ட முடிக்கணும், அதுக்காக பாப்பா இதுல மட்டும் ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்துரட்டும்."

சுடர்விழி தாளை வாங்கி வாசித்தாள். நான்கு வரி ஆங்கிலம். நிமிர்ந்து அப்பாவைப் பார்த்தாள்.

"அப்பா, இதுல 'நாட் வில்லிங்'னு போட்டிருக்கு. எனக்கு இந்த சீட்டுல விருப்பமில்லைன்னு அர்த்தம்."

உதயசூரியன் அதிகாரியைப் பார்த்தார். அவர் சிரித்தார். "அது ஒரு பார்மாலிட்டிங்க சார். எல்லாருக்கும் இதே பாரம்தான்."

"அண்ணே, போட வேணாம்" என்றார் சம்சுன் நிஹார் பக்கத்திலிருந்து. "குடுக்க முடியாதுன்னா முடியாதுன்னு அவுங்கதான எழுதித் தரணும்? வேணாம்னு நாம ஏன் எழுதணும்? என் மூத்த மகளுக்கு நர்சிங் சீட்டுக்குப் போனப்ப இப்புடித்தான் அன்பாப் பேசி வீட்டுக்கு அனுப்புனாங்க. நம்பி வந்தேன். அவ இன்னைக்கு வரைக்கும் அதச் சொல்லிச் சொல்லி அழுகுறா. நான் எழுதி வாங்காம எந்திரிக்க மாட்டேன்."

குரல் கொஞ்சம் உரக்க வந்தது. மண்டபத்தில் இரண்டு மூன்று பேர் திரும்பிப் பார்த்தார்கள். உதயசூரியனுக்குச் சங்கடமாகப் போயிற்று. உட்கார வைத்து மரியாதையாகப் பேசுகிற மனிதரிடம் இப்படியா பேசுவது? இந்த அம்மாவோடு நம்மையும் சேர்த்துச் சண்டைக்காரர்கள் என்று நினைத்துவிட்டால் அடுத்த சுற்றில் கூப்பிடுவாரா? அவருக்கு அதுதான் பயமாக இருந்தது.

சுடர்விழி பேனாவைக் கையில் வைத்திருந்தாள். "போடவாப்பா?"

"போடும்மா. சார்தான் சொல்றாங்கல்ல."

அவள் இன்னும் ஒரு நொடி அவரைப் பார்த்தாள். பிறகு குனிந்து தன் பெயரைத் தமிழில் முழுதாக எழுதிக் கொடுத்தாள். அதிகாரி வாசல்வரை வந்து வழியனுப்பினார்.

ஊர் திரும்பும் பேருந்தில் அவள் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். விராலிமலை தாண்டும்போது, "அந்த அம்மா இன்னும் அங்கதான் உக்காந்திருப்பாங்க" என்றாள்.

"சண்ட போட்டு யாரு என்னத்தக் கண்டா? நீ பாரு, நம்மளத்தான் மொதல்ல கூப்பிடுவாரு" என்றார் உதயசூரியன்.

அடுத்த வாரமே தாலுகா ஆபீசுக்கு நடையாய் நடந்து பெயரைச் சரிசெய்துவிட்டார். புதுச் சான்றிதழைக் கையில் வைத்துக்கொண்டு, சேர்க்கை அலுவலக எண்ணில் அந்த அதிகாரிக்குப் போன் செய்தார். "ரொம்ப நல்லது சார், நான் கூப்பிடுறேன்" என்றது குரல். இரண்டாவது சுற்றுப் பட்டியல் இணையத்தில் வந்தது. சுடர்விழி செல்போனில் மேலும் கீழும் தள்ளித் தள்ளிப் பார்த்தாள். அவள் பெயர் இல்லை. மறுபடி போன் செய்தார். "அது வேற லிஸ்ட் சார். ஒங்களுக்குத் தனியா வரும்." அதன் பிறகு போன் மணி அடித்துக்கொண்டே இருக்கும், எடுக்க ஆள் இருக்காது. 'கவுன்சிலிங் நேரம், வேலை அதிகமா இருக்கும்' என்று உதயசூரியன் தனக்கே சமாதானம் சொல்லிக்கொண்டார்.

இதற்கிடையில், மண்டபத்தில் எண் வாங்கிக்கொண்டிருந்த வாஜித்திடமிருந்து சுடர்விழிக்கு ஒரு செய்தி வந்தது. அவனுடைய அம்மா அன்று சாயங்காலம்வரை எழுந்திருக்கவே இல்லையாம். கடைசியில் 'பெயர் வேறுபாட்டால் சேர்க்க இயலவில்லை' என்று ஒரு துண்டுத் தாளில் எழுதி, முத்திரை குத்திக் கொடுத்துவிட்டார்களாம். அதை எடுத்துக்கொண்டு நேரே மதுரைக்குப் போய், உயர்நீதிமன்றக் கிளையில் ரிட் மனு போட்டார்களாம். இரண்டு வாரத்துக்குள் தீர்ப்பு. வாஜித் சேர்ந்துவிட்டான். விடுதி அறையின் படத்தையும் அனுப்பியிருந்தான்.

அவள் அதை அம்மாவிடம் காட்டினாள். பரிமளா அன்றைக்கே கணவரிடம் பேச்செடுத்தாள். "நாமளும் அந்த வக்கீலப் போய்ப் பாத்தா என்ன?"

"ஒனக்கு ஒண்ணும் புரியல" என்றார் உதயசூரியன். "அவுங்களுக்கு ஆபீசர் வாக்குக் குடுக்கல, அதனால கோர்ட்டுக்குப் போனாங்க. நமக்குத்தான் வாக்குக் குடுத்திருக்காரே. இப்பப் போய்க் கேசு கீசுன்னு நின்னா, வர்ற சீட்டும் போயிரும். பொறுமையா இருங்க."

சுடர்விழி கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். எதையும் ஏன் என்று கேட்கிற பெண் அன்று கேட்கவில்லை. அதை அவர் கவனித்தார். பிள்ளைக்குப் பக்குவம் வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டார்.

ஆகஸ்டும் முடிந்தது. எதற்கும் இருக்கட்டும் என்று புதுக்கோட்டையில் ஒரு கல்லூரியில் அவளைக் கணிதத்தில் சேர்த்துவிட்டார்கள். செப்டம்பரில் உதயசூரியன் பொறுமையிழந்து, சொல்லாமல் கொள்ளாமல் பல்கலைக்கழகத்துக்குக் கிளம்பிப் போனார்.

அந்த அதிகாரி வேறு பிரிவுக்கு மாறிப் போயிருந்தார். அவர் இடத்தில் இருந்த இளைஞர் கோப்பைத் தேடி எடுத்தார். தன் பக்கம் இருந்த தாளைத் திருப்பிக் காட்டினார். நான்கு வரி ஆங்கிலம். கீழே தமிழில் சுடர்விழியின் பெயர்.

"நீங்களே வேண்டாம்னு எழுதிக் குடுத்திருக்கீங்களே சார். அந்த சீட்டுல ரெண்டாவது ரவுண்டுலயே வேற பொண்ணு சேந்தாச்சு."

"பார்மாலிட்டின்னு சொன்னாங்க" என்றார் உதயசூரியன்.

"யாரு சொன்னா?"

அவருக்கு அந்த அதிகாரியின் பெயர்கூடத் தெரியாது.

வெளியே வந்தபோது ஜியாலஜி துறையின் முன்னால் ஒரு பேருந்து நின்றுகொண்டிருந்தது. முதலாண்டு மாணவர்கள் போலிருக்கிறது. தலையில் தொப்பி, தோளில் பை, ஒவ்வொருவர் கையிலும் ஒரு சின்னச் சுத்தியல். எங்கேயோ பாறை பார்க்கப் போகிறார்கள். கடைசியாக ஒரு பெண் ஓடிவந்து ஏறினாள். உதயசூரியன் வண்டி கிளம்பி வளைவில் திரும்பும்வரை அங்கேயே நின்றார்.

வீட்டுக்கு வந்து பரிமளாவிடம் சொன்னார். கையிலிருந்த சொம்பைக் கீழே வைத்தாள்.

"ஊர்க்காரன் சண்டையெல்லாம் தீத்து வைக்கிறேன்னு பெருமப்படுறீங்கள்ல? பெத்த பிள்ளைக்காக ஒரு தடவ சண்ட போட ஒங்களுக்கு வாய் வரலியா?"

அவர் செல்போனை எடுத்தார். சம்சுன் நிஹாரின் எண்ணை மகளிடம் கேட்டு வாங்கிப் போன் செய்தார். அந்த அம்மா 'அன்னைக்கே சொன்னேனே' என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. "நாளைக்கே மதுரைக்குப் போங்கண்ணே. வக்கீலு பேரு கலைமதி. நல்லாப் பாப்பாங்க. இனியும் நாளக் கடத்தாதீங்க" என்று மட்டும் சொன்னார்.

கலைமதிக்கு நாற்பது வயதுக்குள் இருக்கும். சுடர்விழியைத் தன் எதிரில் உட்கார வைத்து முழுதும் கேட்டார். பிறகு பல்கலைக்கழகத்தின் சேர்க்கைக் கையேட்டைக் கணினியில் திறந்து, ஒரு பக்கத்தைக் காட்டினார். சான்றிதழில் சிறு பிழை இருந்தால் தற்காலிகமாகச் சேர்த்துக்கொண்டு, சரிசெய்யக் கால அவகாசம் தர வேண்டும் என்று அவர்களே அச்சடித்திருந்தார்கள்.

"இது அவுங்க போட்ட விதி. அன்னைக்கு ஒங்கள உள்ள சேத்துக்கிட்டு, 'பேரைச் சரிபண்ணிட்டு வாங்க'ன்னு சொல்லியிருக்கணும். அது ஒங்க உரிமை, அவுங்க தயவு இல்ல."

"அப்பறம் ஏங்க அந்தத் தாள்ல கையெழுத்து வாங்குனாங்க?" என்று கேட்டார் உதயசூரியன்.

"மறுத்தா காரணம் எழுதணும். காரணம் எழுதுனா மேல இருக்கறவங்க கேப்பாங்க. 'மாணவிக்கே விருப்பமில்ல'ன்னு இருந்தா யாரும் கேக்க மாட்டாங்க. அவருக்கு அன்னைக்கு லிஸ்ட் முடிஞ்சிருச்சு, வீட்டுக்குப் போயிட்டாரு. அவ்வளவுதான். ஒங்க மேல அவருக்கு ஒரு கோவமும் இருந்திருக்காது."

கெட்ட எண்ணம்கூட இல்லை என்பது உதயசூரியனுக்கு இன்னும் தாங்க முடியாததாக இருந்தது.

கலைமதி தொடர்ந்தார். "ஒளிக்காம சொல்லிடுறேன். சேர்க்கைக்கான கடைசித் தேதி முடிஞ்சிருச்சு. தப்பு அவுங்க பக்கம் இருந்து, மாணவரும் உடனே கோர்ட்டுக்கு வந்திருந்தா, கோர்ட்டு ஏதாவது வழி பண்ணும். நீங்க லேட்டு. அதுக்கு மேல இந்தக் கையெழுத்து வேற. இத ஒடைக்கணும்னா, அந்த ஆபீசர் மிரட்டிக் கட்டாயப்படுத்தி வாங்குனாருன்னு இருந்தாத்தான் பலம்."

"அப்புடியே எழுதுங்கம்மா" என்றார் உதயசூரியன் உடனே. "கட்டாயப்படுத்துனாருன்னே எழுதுங்க."

"இல்லங்க மேடம்" என்றாள் சுடர்விழி. குரலில் கோபம் இல்லை. "அவரு மிரட்டல. பார்மாலிட்டின்னு சொன்னாரு. நான் வாசிச்சேன், அர்த்தமும் தெரிஞ்சுச்சு. அப்பாகிட்டக் கேட்டேன். அப்பா போடச் சொன்னாங்க, போட்டேன்."

கலைமதி பேனாவை மேசைமேல் வைத்தார். அப்பாவைப் பார்க்காமல், மகளைப் பார்த்து, "சரிம்மா. நடந்ததையே எழுதுவோம். தவறான வாக்குறுதியை நம்பிக் கையெழுத்துப் போட்டதா எழுதுறேன்" என்றார். உதயசூரியன் தன் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வழக்கு விசாரணைக்கு வந்த அன்று மூவரும் போயிருந்தார்கள். பெரும்பாலும் ஆங்கிலத்தில் நடந்தது. பல்கலைக்கழகத்தின் வக்கீல் அந்தத் தாளை நீதிபதியிடம் நீட்டினார். அந்த இடத்தில் இப்போது படிக்கும் மாணவி தன் ரேங்க்படி முறையாகச் சேர்ந்தவள், அவள் மேல் ஒரு குற்றமும் இல்லை, முதல் பருவத் தேர்வே நெருங்கிவிட்டது என்று சொன்னார். கலைமதி கையேட்டின் பக்கத்தை வாசித்துக் காட்டினார். வாஜித்தின் தீர்ப்பையும் காட்டினார். ஒரே நாள், ஒரே மேசை, ஒரே பிழை. ஒருவருக்குக் கிடைத்த நீதி இன்னொருவருக்கு ஏன் கிடைக்கக் கூடாது என்று கேட்டார்.

நீதிபதி தாளையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, மனுதாரர் வந்திருக்கிறாரா என்று கேட்டார். சுடர்விழி எழுந்து முன்னால் போனாள்.

"இத வாசிச்சிட்டுத்தான் கையெழுத்துப் போட்டீங்களாம்மா?" என்று தமிழில் கேட்டார்.

"ஆமாங்க ஐயா."

"விருப்பமில்லைன்னு இருந்தது தெரிஞ்சுதா?"

"தெரிஞ்சுதுங்க ஐயா."

"அப்ப ஏன் போட்டீங்க?"

இப்போது சொல்லப்போகிறாள். சொல்லட்டும், அதுதான் நியாயம் என்று உதயசூரியன் நினைத்தார். சுடர்விழி நீதிபதியையே பார்த்து நின்றாள். திரும்பிப் பார்க்கவில்லை.

"அடுத்த ரவுண்டுல கூப்பிடுறேன்னு சொன்னாங்க ஐயா. நான் நம்பிப் போட்டுட்டேன்."

நான் என்றாள். அப்பா என்ற சொல் அவள் வாயிலிருந்து வரவில்லை. உதயசூரியன் முன்னால் இருந்த மரப்பலகையைப் பிடித்துக்கொண்டார். எழுந்து நின்று, 'ஐயா, அவ தயங்கித்தான் நின்னா, நான்தான் போடச் சொன்னேன்' என்று சொல்ல வேண்டும். வாய்வரை வந்துவிட்டது. ஆனால் நீதிமன்றத்தில் கேட்காமல் பேசக் கூடாது என்று வாசலில் நின்ற காவலர் சொல்லி அனுப்பியிருந்தார். எழுந்தால் அதட்டுவார்களோ, வழக்கு கெட்டுப்போகுமோ. அவர் யோசித்து முடிப்பதற்குள், "சரிம்மா, போய் உக்காருங்க" என்று நீதிபதி சொல்லிவிட்டார்.

தீர்ப்பு அடுத்த வாரம் வந்தது. கலைமதி அதைத் தமிழில் எடுத்துச் சொன்னார். பல்கலைக்கழகம் தன் விதியைத் தானே மீறியிருக்கிறது. மாணவர்களிடம் இப்படி 'விருப்பமில்லை' என்று எழுதி வாங்குவது முறையல்ல. இனிமேல் யாருக்கு இடம் மறுத்தாலும் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். எங்கே முறையிடலாம் என்பதையும் அதிலேயே குறிப்பிட வேண்டும். மனுதாரருக்கு அநீதி நடந்திருக்கிறது, அதற்காகப் பல்கலைக்கழகம் இழப்பீடு தர வேண்டும். ஆனால் அவர் தாமதமாக வந்திருக்கிறார். இடம் நிரம்பிவிட்டது, சேர்ந்து படிப்பவரை வெளியேற்ற முடியாது. அடுத்த ஆண்டு விண்ணப்பித்தால் இதே காரணத்தைச் சொல்லித் தடுக்கக் கூடாது.

"அப்ப நாம ஜெயிச்சமா, தோத்தமா?" என்று கேட்டாள் பரிமளா.

கலைமதி தீர்ப்பு நகலை மூடினார். "ஒங்க பொண்ணு சொன்னது எல்லாம் சரின்னு சொல்லிட்டாங்க. சீட்டு மட்டும் இல்லைன்னுட்டாங்க" என்றார்.

மற்ற இருவரும் வாசலுக்குப் போன பிறகு உதயசூரியன் பின்தங்கி நின்றார். "அன்னைக்கு நான் எந்திரிச்சு, நான்தான் போடச் சொன்னேன்னு சொல்லியிருந்தா...?"

"தீர்ப்பு மாறியிருக்காதுங்க" என்றார் கலைமதி.

மாறியிருக்கும் என்று அவர் சொல்லியிருந்தால்கூட உதயசூரியனுக்கு இவ்வளவு வலித்திருக்காது. தீர்ப்புக்காக இல்லாவிட்டாலும் எழுந்திருக்க வேண்டிய இடம் அது என்று அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

அடுத்த ஆண்டு அவர் விடவில்லை. "இந்தத் தடவ நான் பாத்துக்கிறேன். அந்த மேசையிலயே உக்காந்துக்கிறேன், எவன் என்ன சொன்னாலும் எந்திரிக்க மாட்டேன்" என்று சொல்லிச் சொல்லி விண்ணப்பிக்க வைத்தார். சுடர்விழிக்கு மனமில்லை. கணிதத்தில் ஒரு வருடம் முடிந்திருந்தது; தோழிகள் சேர்ந்திருந்தார்கள். ஆனாலும் அப்பாவுக்காக விண்ணப்பித்தாள்.

பட்டியல் வந்தது. அந்த ஆண்டு விண்ணப்பித்தவர்கள் அதிகம், மதிப்பெண்ணும் எல்லோருக்கும் கூடியிருந்தது. கடைசி இடம் போன மதிப்பெண் அவளுடையதைத் தாண்டி மேலே நின்றது. சான்றிதழ் சரிபார்ப்புக்கே அழைப்பு இல்லை. உதயசூரியன் கலைமதிக்குப் போன் செய்து, ஏதாவது செய்ய முடியுமா என்று கேட்டார்.

"இந்தத் தடவ யாரும் தப்புப் பண்ணலியே சார்" என்றார் அவர்.

சுடர்விழி பட்டியலை மூடிவிட்டுக் கல்லூரிக்குக் கிளம்பிப் போனாள். வழக்கம்போல எட்டு மணிப் பேருந்து. அழவில்லை. அவள் அழுதிருந்தால் பக்கத்தில் உட்கார்ந்து தேற்றியிருக்கலாம் என்று பரிமளா சொன்னாள். அதற்கும் அவள் இடம் கொடுக்கவில்லை. அப்பாவிடம் முகம் கொடுத்துத்தான் பேசினாள், கேட்டதற்குப் பதில் சொன்னாள், அவர் சாப்பிட்டாரா என்று விசாரித்தாள். ஒன்று மட்டும் நின்றுபோயிற்று. எந்தக் காரியத்துக்கும் 'செய்யவாப்பா?' என்று அவரிடம் கேட்பதில்லை. உதவித்தொகைக்கும், தேர்வுக்கும், வங்கிக் கணக்குக்கும் தானே போனாள், தானே முடித்துக்கொண்டு வந்தாள்.

ஜூலைக் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சம்சுன் நிஹார் போன் செய்தார். குரலில் சந்தோஷம் பொங்கியது.

"அண்ணே, ஒரு விசயம் சொல்லணும். வாஜித் சொன்னான். அங்கிட்டுக் கவுன்சிலிங் ஹால்ல இப்ப நாட் வில்லிங் பாரமே கெடையாதாம். கறம்பக்குடிப் பொண்ணு ஒண்ணு, அதுக்கும் பேருல ஏதோ கொழப்பமாம். முடியாதுன்னாங்களாம். எழுதிக் குடுங்கன்னு கேட்டுருக்கு. எழுதுறதுக்குப் பதிலா, 'இந்தா சுடர்விழி ஆர்டர் இருக்குல்ல, தற்காலிகமாச் சேத்துக்க'ன்னு மேலதிகாரி சொல்லிச் சேத்துக்கிட்டாங்களாம். ஆபீஸ்ல அதுக்குப் பேரே சுடர்விழி ஆர்டராம்ணே!"

"அப்புடியா" என்றார் உதயசூரியன். "ரொம்ப சந்தோசம்மா. அந்தப் பிள்ளைக்கு என்ன கோர்ஸாம்?"

"ஜியாலஜிதான்ணே."

போனை வைத்த பிறகு அவருக்கு யாரிடமாவது சொல்ல வேண்டும் போலிருந்தது; சொல்லாமல் இருந்துவிடலாம் என்றும் இருந்தது. சுடர்விழி கொல்லைப்புறத்தில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் நின்று, கேட்டதை அப்படியே சொன்னார். அவள் கையிலிருந்த பாவாடையை உதறிக் கொடியில் போட்டு, சுருக்கம் போக இழுத்துவிட்டாள்.

"நல்லதுப்பா" என்றாள்.

"ஒம் பேரச் சொல்லித்தான் அந்தப் பிள்ளைக்கு..." என்று ஆரம்பித்தவர் நிறுத்திக்கொண்டார். சொல்ல நினைத்தது அது இல்லை. நீதிமன்றத்தில் எழுந்து சொல்லாததை இங்கேயாவது சொல்லிவிட வேண்டும் என்றுதான் வந்திருந்தார். வார்த்தை சேரவில்லை.

வாளியில் கிடந்த அடுத்த துணியை எடுத்துக்கொண்டே சுடர்விழி கேட்டாள்.

"அந்தப் பிள்ளகூட யாருப்பா போயிருந்தாங்களாம்?"

அவர் சம்சுன் நிஹாரிடம் அதைக் கேட்டிருக்கவில்லை. "தெரியலம்மா" என்றார்.

அவள் தலையசைத்தாள். உதயசூரியன் வாளியைத் தூக்கி அவள் கைக்கு எட்டும்படி பிடித்துக்கொண்டார். அவள் ஒவ்வொன்றாக எடுத்து உலர்த்தி முடிக்கும்வரை அதைக் கீழே வைக்கவில்லை.